இழுப்பறைக்குள் இருப்பது

உடைந்த ஜன்னல் ஓரம் ஒரு மனிதன் உட்கார்ந்திருக்கிறான். முகமும் உடம்பும் பொருக்குத் தட்டிக் கிடக்கின்றன. அவன் முன்னால் இரும்பு நெம்புகோல்கள். பழைய ரயில் நிலையங்களில் சிக்னல் கேபினுக்குள் வரிசையாக நிற்குமே, அந்த ரகம். அவன் பேசுவதில்லை. உடம்பு ஒருமுறை வெட்டி இழுக்கிறது. பிறகு ஒரு நெம்புகோலைப் பிடித்துத் தள்ளுகிறான். எங்கோ ஒன்று கட்டவிழ்ந்து போய்த் தண்ணீருக்குள் விழுகிறது. கதை தொடங்கிவிடுகிறது.

டேவிட் லிஞ்ச் எடுத்த முதல் முழுநீளப் படமான 'எரேசர்ஹெட்', 1977இல் வந்தது. அதன் தொடக்க நிமிடங்கள்தாம் இவை. முதன்முறை பார்த்தபோது எனக்குப் பயத்தைவிட எரிச்சல்தான் அதிகம் வந்தது. ஆனாலும் எழுந்து போக முடியவில்லை. கடைசியில் பெயர்கள் ஓடும்போது, ஜன்னலோரம் இருந்த அந்த மனிதனாக நடித்தவர் ஜாக் ஃபிஸ்க் என்று வந்தது. இந்தப் பெயரை எங்கேயோ பார்த்திருக்கிறோமே என்று இரவெல்லாம் உறுத்தியது. மறுநாள் காலை பஸ்ஸில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நிற்கையில் பிடிபட்டது. 'தேர் வில் பி பிளட்' படத்தில் பற்றி எரியும் அந்த மர எண்ணெய்க் கோபுரத்தை எழுப்பிய கலை இயக்குநர்! கட்டுகிறவர் எதற்காக ஒப்பனை போட்டுக்கொண்டு கேமரா முன்னால் உட்கார்ந்தார்? அந்தக் கேள்வியில் தொடங்கிய தேடல்தான் இந்தக் கட்டுரை.

இதில் எனக்குத் தனிப்பட்ட அக்கறை உண்டு. பகலில் தணிக்கை அலுவலகம், மாலையில் நாடக ஒத்திகை என்று ஏழெட்டு ஆண்டுகளைக் கழித்தவன் நான். நடிப்பு எனக்கு வராது என்பது முதல் ஒத்திகையிலேயே ஊருக்கே தெரிந்துவிட்டதால், செட்டும் சாமான்களும் என் தலையில் விழுந்தன. ஒரு நாடகத்துக்கு இழுப்பறை வைத்த மேசை தேவைப்பட்டது. வாடகைக்கு எடுக்கக் காசில்லை. ரீப்பர் சட்டத்தில் ப்ளைவுட்டை அடித்து, மூன்று இழுப்பறைகளைப் பெயிண்டாலேயே வரைந்து, பழைய இரும்புக் கடையில் பொறுக்கிய பித்தளைக் குமிழ்களைத் திருகினேன். இடத்தை மிச்சப்படுத்த மேசையைப் பின்தட்டியோடு சேர்த்தே அடித்துவிட்டேன். ஐந்தாவது வரிசையிலிருந்து பார்த்தால் அசல் தேக்கு மேசை. எனக்கே பெருமையாக இருந்தது.

இரண்டாம் நாள் காட்சியில், கணவன் இறந்த செய்தியைக் கேட்ட மனைவியாக நடித்த பெண், ஒத்திகையில் ஒருநாளும் செய்யாததைச் செய்தார். மெல்ல எழுந்து போய் நடு இழுப்பறையின் குமிழைப் பிடித்து இழுத்தார். முன்பலகை மொத்தமும் பெயர்ந்து அவர் கையோடு வந்துவிட்டது. அந்த ஓட்டை வழியாக, தட்டிக்குப் பின்னால் ஸ்டூல் போட்டு டீ குடித்துக்கொண்டிருந்த நான் அரங்கம் முழுவதற்கும் தரிசனம் கொடுத்தேன். என் நாடக வாழ்க்கையில் பார்வையாளர்கள் என்னைப் பார்த்தது அந்த ஒரு முறைதான். சாவு வீட்டுக் காட்சியில் அவ்வளவு சிரிப்பை அந்த அரங்கம் அதற்கு முன் கேட்டிருக்காது.

முடிந்ததும் அந்தப் பெண்ணிடம் கொஞ்சம் கடுமையாகவே பேசினேன். அவர் தலையைக் குனிந்துகொண்டு, "உள்ளே அவர் சாமான் ஏதாவது இருக்கும் என்று தோன்றியது அண்ணா" என்றார். எனக்கு அப்போது அது விளங்கவில்லை. ஃபிஸ்க்கின் கதையைப் படித்த பிறகுதான் விளங்கியது.

ஜாக் ஃபிஸ்க் 1945இல் அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்தில் கேன்டன் என்ற ஊரில் பிறந்தவர். வர்ஜீனியாவில் அலெக்சாண்ட்ரியா நகரத்து உயர்நிலைப் பள்ளியில் படிக்கும்போது லிஞ்ச் அவருக்கு நண்பரானார். இருவருக்கும் ஓவியப் பைத்தியம். புஷ்நெல் கீலர் என்ற ஓவியரின் இடத்தில் ஓர் அறையைப் பிடித்துக்கொண்டு வரைந்து தள்ளினார்கள். 1965இல் இருவரும் ஐரோப்பாவுக்குப் போனார்கள். ஆஸ்திரிய ஓவியர் ஆஸ்கார் கோகோஷ்காவிடம் சீடர்களாகச் சேர்வது, மூன்று ஆண்டுகள் அங்கேயே இருப்பது என்பது திட்டம். கோகோஷ்காவைப் பார்க்க முடியவில்லை, ஊரும் பிடிக்கவில்லை. பதினைந்தே நாளில் வீடு திரும்பிவிட்டார்கள். மூன்று ஆண்டுத் திட்டத்தைப் பதினைந்து நாளில் மூட்டை கட்டியவர்கள் உருப்படுவார்களா என்று நம் வீட்டுப் பெரியவர்கள் கேட்டிருப்பார்கள். அவர்கள் வீட்டிலும் கேட்டிருக்கலாம்.

பிறகு பிலடெல்பியாவில் பென்சில்வேனியா நுண்கலைக் கழகம். ஃபிஸ்க் முன்னால் போய்ச் சேர, லிஞ்ச் பின்னாலேயே வந்தார். பிணவறைக்கு எதிரே வாடகைக்குக் குடியிருந்தார்கள். புகை படிந்த சுவர்களும் தொழிற்சாலை இரைச்சலுமாக இருந்த அந்த நகரம்தான் பிறகு 'எரேசர்ஹெட்' படத்துக்குள் புகுந்து உட்கார்ந்துகொண்டது. ஃபிஸ்க்கின் தங்கை மேரியை லிஞ்ச் 1977இல் மணந்ததும் அதே நட்பின் கிளைக்கதை. அந்த மணம் பத்தாண்டுகளில் முறிந்தது. நட்பு முறியவில்லை.

எழுபதுகளின் தொடக்கத்தில் இருவரும் லாஸ் ஏஞ்சல்ஸுக்கு வந்துவிட்டார்கள். லிஞ்ச் அமெரிக்கத் திரைப்படக் கழகத்தில் மாணவர். ஃபிஸ்க்குக்குச் சினிமாப் படிப்பெல்லாம் இல்லை. கிடைத்த மலிவுப் படங்களில் சுவருக்கு வண்ணம் அடிப்பது முதல் சாமான் தேடுவது வரை எல்லா வேலையும் பார்த்தார். 'மெசையா ஆஃப் ஈவில்' என்ற திகில் படத்தில் ஓர் ஓவியனின் வீட்டுச் சுவர்கள் முழுக்க மனித உருவங்கள் நிற்கும். கதையைவிட அந்தச் சுவர்கள்தாம் பார்த்தவர்களுக்கு நினைவிருக்கின்றன. ஓவியம் படித்தவன் சினிமாவுக்கு வந்தால் முதலில் செய்யக்கூடிய வேலை அதுதான்: சட்டத்துக்குள் வரைந்ததைச் சுவரில் வரைவது.

அடுத்து அவர் செய்ததில்தான் எனக்கு ஆர்வம். டெரன்ஸ் மாலிக் என்ற புதியவர் 'பேட்லேண்ட்ஸ்' படத்தை எடுக்கத் தொடங்கினார். 1973இல் வெளிவந்த படம். ஊர்விட்டு ஊர் ஓடிக் கொலை செய்யும் ஓர் இளைஞனும் அவனோடு போகும் பதினைந்து வயதுப் பெண்ணும்தான் கதை. பணம் சொற்பம். கலை இயக்குநர் ஃபிஸ்க். கதாநாயகி சிஸ்ஸி ஸ்பேசெக், டெக்சாஸிலிருந்து வந்த இளம் நடிகை. அவர் நடிக்கும் ஹாலி என்ற பெண்ணின் படுக்கையறையை ஃபிஸ்க் அமைத்தார். அறையில் ஒரு மேசை. ஸ்பேசெக் அதன் இழுப்பறைகளைத் திறந்து பார்த்தார். உள்ளே அந்த வயதுப் பெண் ஒருத்தி சேர்த்து வைக்கக்கூடிய சின்னச் சின்னப் பொருள்கள் நிறைந்திருந்தன. கேமரா அந்த இழுப்பறைகளைத் திறந்து பார்க்கப்போவதே இல்லை. பார்வையாளர் ஒருவருக்கும் அவை தெரியப்போவதில்லை. அவை அந்த நடிகைக்காக மட்டும் வைக்கப்பட்டவை.

இதைப் பின்னாளில் ஸ்பேசெக்கே பலமுறை சொல்லியிருக்கிறார். 1974இல் இருவருக்கும் திருமணம். ஐம்பதாண்டுகள் தாண்டிய அந்தத் தாம்பத்தியத்துக்கு அந்த இழுப்பறைதான் காரணம் என்று சொன்னால் நாவல்தனமாக இருக்கும். ஆனால் ஒரு பெண்ணின் மனத்துக்குள் எப்படிப் போவது என்று தெரிந்த ஒருவனை அந்தப் பெண்ணுக்கே பிடித்துப்போனதில் ஆச்சரியம் என்ன இருக்கிறது?

நடிப்பைப் பற்றிய பேச்சில் 'பேட்லேண்ட்ஸ்' படத்தின் இன்னொரு துணுக்கும் வந்தாக வேண்டும். பணக்காரர் ஒருவரின் வீட்டு வாசலில் ஒருவர் வந்து கதவைத் தட்டுவார். நாயகனாக நடித்த மார்ட்டின் ஷீன் அவரைப் பேசித் திருப்பி அனுப்புவார். வந்தவர் மாலிக்தான். அந்த வேடத்துக்குச் சொல்லிவைத்திருந்த ஆள் வரவில்லை. பிறகு வேறு நடிகரை வைத்து மறுபடி எடுக்க மாலிக் நினைத்தபோது ஷீன் சம்மதிக்கவில்லை. ஆகவே, முகத்தை எங்கும் காட்டாமல் ஒளிந்து திரிவதில் பெயர்பெற்ற அந்த இயக்குநர் தம் முதல் படத்திலேயே அகப்பட்டுக்கொண்டார். சிறிய படங்களில் இது சகஜம். ஆள் குறைந்தால் ஏணியைப் பிடித்துக்கொண்டிருப்பவன் மேடையேற வேண்டும்.

ஃபிஸ்க்கும் அப்படித்தான் 'எரேசர்ஹெட்' படத்துக்குள் வந்தார். 1972இல் படப்பிடிப்பு தொடங்கியது. திரைப்படக் கழகம் கொடுத்த 10,000 டாலர் சீக்கிரமே கரைந்துபோனது. அதன் பிறகு படம் நின்று நின்று நகர்ந்தது. லிஞ்ச் வீடு வீடாகச் செய்தித்தாள் போட்டுச் சம்பாதித்தார். ஃபிஸ்க்கும் ஸ்பேசெக்கும் தங்கள் சம்பாத்தியத்திலிருந்து பணம் கொடுத்தார்கள். ஸ்பேசெக் சில நாள்கள் கிளாப் பலகையும் பிடித்தார். முடிந்து வெளிவர ஐந்தாண்டுகளாயின. அந்த ஐந்தாண்டுக் கூட்டாஞ்சோற்றில் ஃபிஸ்க் போட்ட பங்கு பணமும் உடம்பும். உடம்பு முழுக்கப் பொருக்கு ஒட்டி, இருட்டில், நெம்புகோல்களுக்கு முன் அவரை உட்கார வைத்தார் லிஞ்ச்.

படத்தின் கடைசியில் அந்த மனிதன் மறுபடி வருகிறான். நெம்புகோலிலிருந்து தீப்பொறி பறக்கிறது. அவன் அதை அடக்கப் பார்க்கிறான். முடியவில்லை. விமர்சகர்கள் அவனைக் கடவுள் என்றிருக்கிறார்கள், விதி என்றிருக்கிறார்கள். லிஞ்ச் வாயைத் திறக்கவில்லை. எனக்குத் தோன்றுவது இதுதான்: எல்லாரும் பார்க்கும் உலகத்துக்குப் பின்னால், யாரும் பார்க்காத இடத்தில் உட்கார்ந்து, இரும்பையும் மரத்தையும் தள்ளி இழுத்து அந்த உலகத்தை ஓட்டிக்கொண்டிருப்பவன் யார்? செட் போடுகிறவன்தான். இது என் பார்வை. லிஞ்ச் இதை ஒப்புக்கொண்டிருக்க மாட்டார். ஆனால் தட்டிக்குப் பின்னால் டீயோடு அகப்பட்டவனுக்கு இப்படித்தான் தோன்றும்.

அதே காலத்தில் இயக்குநர் பிரையன் டி பால்மாவோடும் ஃபிஸ்க் வேலை செய்தார். 'ஃபேன்டம் ஆஃப் தி பாரடைஸ்' படத்தில் அவர் செட் அமைக்க, ஸ்பேசெக் சாமான்களை அடுக்கி அலங்கரிக்கும் உதவியாளராக இருந்தார். நடிக்க வாய்ப்பில்லாத நாள்களில் நடிகை கணவரோடு சேர்ந்து சுவருக்கு வண்ணம் அடித்தார் என்பது நம் ஊர்ப் பத்திரிகைகளுக்குக் கிடைத்திருந்தால் அட்டைப்படக் கட்டுரையே வந்திருக்கும். பிறகு 'கேரி' (1976). அந்த நாயகி வேடத்துக்கு டி பால்மா வேறொருவரை மனத்தில் வைத்திருந்தார். ஃபிஸ்க் பேசி மனைவிக்கு ஒரு வாய்ப்பு வாங்கிக் கொடுத்தார். ஸ்பேசெக் தலையில் வாசலின் தடவிக்கொண்டு, முகம் கழுவாமல், ஏழாம் வகுப்பில் அம்மா தைத்துக் கொடுத்த சட்டையைப் போட்டுக்கொண்டு தேர்வுக்குப் போய் வேடத்தை வென்றார்.

அந்தப் படத்தின் கடைசிக் காட்சியைப் பார்த்து அலறாதவர்கள் குறைவு. கல்லறையிலிருந்து ஒரு கை வெளியே நீண்டு பற்றும். வேறு யாருடைய கையாவது போதும் என்றார்கள். ஸ்பேசெக் தம் கைதான் வரவேண்டும் என்று பிடிவாதம் பிடித்தார். அப்படியானால் மண்ணுக்குள் இறங்கவேண்டும். புதைக்கும் பொறுப்பு கலை இயக்குநருடையது. ஆகவே கணவரே மனைவியைப் பெட்டிக்குள் வைத்து மேலே மண்ணையும் கல்லையும் போட்டு மூடினார். ஒரு விரல் நீளத்துக்குக் கூடப் பொய் வேண்டாம் என்று நினைக்கிற இருவர் ஒரே வீட்டில் குடியிருந்தால் இப்படித்தான் ஆகும்.

இனி ஃபிஸ்க் கட்டிய ஒரு வீட்டைப் பற்றி. ஃபிஸ்க்கின் வேலைகளில் ஒன்றை மட்டும் காட்டு என்று யாராவது கேட்டால் நான் காட்டுவது 'டேஸ் ஆஃப் ஹெவன்' (1978) படத்தின் வீட்டைத்தான். கதை 1916இல் டெக்சாஸில் நடக்கிறது. எடுத்தது கனடாவின் அல்பெர்ட்டாவில். கண்ணுக்கெட்டும் தூரம் கோதுமை, நடுவில் தனியாக ஓர் உயரமான வீடு. அருகில் மரமில்லை, வேலியில்லை. எட்வர்ட் ஹாப்பர் 1925இல் ரயில் பாதையோரத்து வீடு ஒன்றை வரைந்திருக்கிறார். அந்த ஓவியத்தின் தனிமை அப்படியே இந்த வீட்டில் இருக்கிறது.

இந்த வீட்டுக்கு ஒரு மூத்த அண்ணன் உண்டு. 1956இல் வந்த 'ஜயண்ட்' படத்துக்காக டெக்சாஸின் மார்ஃபா ஊருக்கு வெளியே, வெட்டவெளியில், ஒரு பெரிய பண்ணைவீடு எழுப்பினார்கள். ஹாலிவுட்டில் செய்து ரயிலில் கொண்டுவந்து பூட்டியது. பார்ப்பதற்கு மாளிகை. பின்னால் போனால் ஒன்றும் இருக்காது, முட்டுக் கொடுத்த மரங்கள்தாம். உள்காட்சிகளையெல்லாம் ஸ்டுடியோவில் எடுத்தார்கள். படம் முடிந்த பிறகு அந்த முகப்பை அங்கேயே விட்டுவிட்டுப் போனார்கள். காற்றும் மழையும் பலகைகளை ஒவ்வொன்றாகப் பிடுங்கிக்கொள்ள, கடைசியில் சில கம்பங்கள்தாம் மிஞ்சின. இது யாருடைய குற்றமும் இல்லை. தொழில் அப்படி இருந்தது. தெரிவதைக் கட்டு, தெரியாததற்குக் காசைச் செலவழிக்காதே. நானும் என் மேசையை அந்தப் பள்ளியில்தானே செய்தேன்?

ஃபிஸ்க் அந்தப் பள்ளியிலிருந்து விலகினார். கோதுமை நடுவே ப்ளைவுட்டில் அவர் எழுப்பிய வீட்டுக்கு முன்னாலும் உண்டு, பின்னாலும் உண்டு, உள்ளும் உண்டு. படியேறலாம், அறைக்கு அறை போகலாம், ஜன்னலைத் திறக்கலாம். உள்சுவர்களுக்கு அந்தக் காலத்து வண்ணங்களான பழுப்பும் கருமரச் சாயலும் பூசப்பட்டன. வேலையாள்களின் குடிசைகளையும் அவரே கட்டினார். இதில் கலை மட்டுமில்லை, கணக்கும் இருக்கிறது. மாலிக்கும் ஒளிப்பதிவாளர் நெஸ்டர் அல்மென்ட்ரோஸும் சூரியன் மறைந்த பிறகு வரும் அந்த இருபது நிமிட வெளிச்சத்துக்காக நாள் முழுக்கக் காத்திருந்து எடுத்தவர்கள். வெளியே ஒரு காட்சியை எடுத்துக்கொண்டிருக்கும்போதே நடிகர் படியேறி உள்ளே போனால் கேமராவும் கூடவே போகலாம். ஜன்னல் வழியாக உள்ளேயிருந்து வயலைப் பார்க்கலாம், வயலிலிருந்து உள்ளே எரியும் விளக்கைப் பார்க்கலாம். முகப்பு மட்டும் இருக்கும் வீட்டில் இது நடக்காது. அங்கே கதவு வரைதான் நடிகருக்கு அனுமதி. கதவைத் தாண்டியதும் வேலை முடிந்தது, டீ குடிக்கலாம்.

அல்மென்ட்ரோஸுக்கு அந்தப் படத்தின் ஒளிப்பதிவுக்காக ஆஸ்கர் கிடைத்தது. அந்த ஒளி வந்து விழுவதற்குச் சுவர் எழுப்பியவர் பெயரை அன்று யாரும் பெரிதாகச் சொல்லவில்லை. இந்தத் தொழிலின் தலையெழுத்து இது. நன்றாகச் செய்தால் செய்ததே தெரியாது. 1939இல் 'கான் வித் தி விண்ட்' படத்துக்காக வில்லியம் கேமரன் மென்சிஸ் செய்த வேலைக்குக் கலை இயக்குநர் என்ற பழைய பெயர் போதவில்லை என்று தயாரிப்பு வடிவமைப்பாளர் என்ற புதிய பட்டத்தை உண்டாக்கினார்கள். பட்டம் பெரிதாகிவிட்டது. அதைத் திரையில் படிக்கிறவர்களின் எண்ணிக்கை கூடியதாகத் தெரியவில்லை.

அடுத்த இருபது ஆண்டுகளை வேகமாகக் கடந்துவிடலாம். மாலிக் படமெடுப்பதையே நிறுத்திவிட்டார். ஃபிஸ்க் இயக்குநராக மாறி 1981இல் 'ராகெடி மேன்', 1986இல் 'வயலட்ஸ் ஆர் புளூ' ஆகிய படங்களை எடுத்தார். இரண்டிலும் மனைவிதான் நாயகி. பிறகு இன்னும் சில. நான் பார்த்தவரை அவை மோசமான படங்கள் இல்லை. நல்ல வீடுகளும் நல்ல தெருக்களும் கொண்ட சுமாரான கதைகள். இயக்குநராக அவர் தொடர்ந்திருந்தால் ஒரு சராசரி இயக்குநர் கிடைத்திருப்பார், ஒரு மேதையைத் தொலைத்திருப்போம் என்பது என் எண்ணம்.

மாலிக் 'தி தின் ரெட் லைன்' (1998) படத்தோடு திரும்பி வந்தபோது ஃபிஸ்க்கும் சுத்தியலைத் திரும்ப எடுத்தார். அடுத்த ஆண்டு லிஞ்சின் 'தி ஸ்ட்ரெய்ட் ஸ்டோரி'. புல்வெட்டும் வண்டியில் மாநிலம் தாண்டி அண்ணனைப் பார்க்கப் போகும் கிழவரின் கதை. அதில் ஸ்பேசெக் அவருடைய மகளாக வருகிறார். பிலடெல்பியாவின் பிணவறைத் தெருவில் குடியிருந்த இருவரும் ஐம்பதைத் தாண்டிய வயதில் இவ்வளவு சாந்தமான படத்தில் கைகோத்ததை நினைத்தால் எனக்கு ஏனோ நிறைவாக இருக்கிறது. 2001இல் 'மல்ஹாலண்ட் டிரைவ்'. 2005இல் மாலிக்கின் 'தி நியூ வேர்ல்ட்' படத்துக்காக வர்ஜீனியாவில் சிக்கஹாமினி ஆற்றங்கரையில் ஜேம்ஸ்டவுன் கோட்டையை எழுப்பினார். 1607இல் ஆங்கிலேயர் வந்து இறங்கிய உண்மையான இடம் அங்கிருந்து அதிகத் தொலைவில் இல்லை. மரக்கம்பு நட்டு, குச்சிகளைப் பின்னி, மண் அப்பிய சுவர்கள். நம் கிராமங்களில் மண்வீடு கட்டியவர்கள் பார்த்தால் ஒரு நிமிடம் நின்று கையால் தடவிப் பார்த்திருப்பார்கள்.

பிறகு பால் தாமஸ் ஆண்டர்சனின் 'தேர் வில் பி பிளட்' (2007). எங்கே எடுத்தார்கள் தெரியுமா? அதே மார்ஃபாவில். 'ஜயண்ட்' விட்டுப்போன முகப்பு நின்று கரைந்த அதே வெட்டவெளிப் பக்கம். ஃபிஸ்க் அங்கே ஒரு சிற்றூரையே எழுப்பினார். மரத்தாலான எண்ணெய்க் கோபுரம், தேவாலயம், வீடுகள். கோபுரம் கேமராவுக்காக நிற்கும் பொம்மை இல்லை, ஏறலாம், இறங்கலாம். கடைசியில் அதைக் கொளுத்தினார்கள். பக்கத்தில் கோயன் சகோதரர்கள் வேறொரு படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். இங்கிருந்து கிளம்பிய கரும்புகை அவர்கள் வானத்தில் போய் நிற்க, அன்றைய படப்பிடிப்பையே அவர்கள் நிறுத்த வேண்டியதாயிற்று. அந்த 'நோ கன்ட்ரி ஃபார் ஓல்ட் மென்'தான் மறுவருடம் சிறந்த படத்துக்கான ஆஸ்கரை வாங்கியது. பக்கத்து வீட்டுப் புகை படத்துக்கு ஒன்றும் செய்துவிடவில்லை.

இந்தப் படத்தின் கடைசிக் காட்சியில் எண்ணெய்ப் பணத்தில் கொழுத்துத் தனித்துப்போன கிழவன் தன் மாளிகையின் நிலவறையில், பந்து உருட்டி விளையாடும் கூடத்தில், ஒருவனை அடித்துக் கொல்கிறான். அந்தக் கூடம் செட் இல்லை. பெவர்லி ஹில்ஸில் உள்ள கிரேஸ்டோன் மாளிகையின் நிலவறை. 1928இல் எட்வர்ட் டோஹெனி என்ற எண்ணெய் முதலாளி தம் மகனுக்காகக் கட்டியது. சில மாதங்களிலேயே, 1929 பிப்ரவரியில், மகனும் அவருடைய செயலாளரும் அந்த வீட்டுக்குள்ளேயே துப்பாக்கிக் குண்டு பாய்ந்து இறந்துகிடந்தார்கள். படத்துக்கு மூலமான அப்டன் சிங்கிளேரின் நாவலில் வரும் எண்ணெய் முதலாளிக்கு டோஹெனியின் சாயல் உண்டு. நிஜ முதலாளியின் வீட்டில் கற்பனை முதலாளியின் முடிவு. பாழடைந்திருந்த கூடத்தைச் சீர்செய்து, பளபளக்கும் மரப்பாதை போட்டு, படத்துக்குக் கொடுத்தது ஃபிஸ்க்கின் குழு.

நான் சொல்லவந்தது இது மட்டுமில்லை. அறுபதுகளின் இறுதியிலிருந்து அமெரிக்கத் திரைப்படக் கழகம் இயங்கியது இதே கிரேஸ்டோன் மாளிகையில்தான். லிஞ்ச் 'எரேசர்ஹெட்' படத்தின் பெரும்பகுதியை எடுத்தது இதே வளாகத்தின் பழைய குதிரைலாயங்களில். இருபத்தாறு இருபத்தேழு வயதில், நண்பனின் காசில்லாத படத்துக்காக வந்துபோன வளாகத்துக்கு அறுபது வயதில், உலகம் கொண்டாடும் ஒரு படத்துக்குத் தளம் போடத் திரும்பி வந்திருக்கிறார். லாயத்துக்கும் நிலவறைக்கும் நடக்கிற தூரம்தான். இதைக் கண்டுபிடித்த அன்று யாரிடமாவது சொல்லியே தீரவேண்டும் போல இருந்தது. அலுவலகத்தில் பக்கத்து மேசைக்காரரிடம் சொன்னேன். "அப்படியா" என்றார். அதனால்தான் இங்கே எழுதுகிறேன்.

டேனியல் டே-லூயிஸுக்கு நடிப்புக்காகவும், ராபர்ட் எல்ஸ்விட்டுக்கு ஒளிப்பதிவுக்காகவும் ஆஸ்கர் வந்தது. ஃபிஸ்க் பரிந்துரையோடு நின்றார். 2016இல் 'தி ரெவனன்ட்', 2024இல் 'கில்லர்ஸ் ஆஃப் தி ஃப்ளவர் மூன்' என்று பிறகும் பரிந்துரைகள் வந்தன. அந்த மூன்று விழாக்களிலும் பரிசு வேறு படங்களுக்குப் போயிற்று. 'ஸ்வீனி டாட்', 'மேட் மேக்ஸ்: ஃப்யூரி ரோட்', 'புவர் திங்ஸ்'. மூன்றையும் பார்த்தால் ஒன்று புலப்படும். மூன்றிலும் செட் தன்னைத் தானே காட்டிக்கொள்ளும், இங்கே பார் என்று கூப்பிடும். அவை தகுதியில்லாத படங்கள் என்று சொல்ல மாட்டேன். ஆனால் தன்னை மறைத்துக்கொள்ளும் வேலையை மேடைக்குக் கூப்பிட்டுப் பரிசு கொடுப்பது நடுவர்களுக்கும் சிரமம்தான்.

மறைத்துக்கொள்வது என்றால் எவ்வளவு? 'தி ட்ரீ ஆஃப் லைஃப்' (2011) படத்தில் ஒரு குடும்பம் குடியிருக்கும் வீடு. டெக்சாஸில் ஸ்மித்வில் என்ற ஊர். மாலிக்குக்கும் ஒளிப்பதிவாளர் லுபெஸ்கிக்கும் செயற்கை விளக்கு ஆகாது. ஆனால் சூரியன் ஒரே ஜன்னலில் நாள் முழுக்க நிற்காதே! ஆகவே வெவ்வேறு திசை பார்த்த ஒன்றுக்கு மேற்பட்ட வீடுகளை ஒரே வீடாக ஒப்பனை செய்தார்கள். காலையில் ஒரு வீடு, மாலையில் இன்னொன்று. படத்தில் தாய் ஓர் அறையிலிருந்து அடுத்த அறைக்குப் போகையில் உண்மையில் ஒரு தெருவையே தாண்டியிருக்கலாம். முற்றத்தில் நிற்கும் பெரிய ஓக் மரம் வேறோரிடத்திலிருந்து வேரோடு லாரியில் வந்தது. இதெல்லாம் தெரியாமல்தான் நான் அந்தப் படத்தைப் பார்த்து, என்ன அழகான பழைய வீடு என்று நினைத்தேன். ஏமாந்ததில் வருத்தமே இல்லை.

ஸ்கார்செசி இயக்கிய 'கில்லர்ஸ் ஆஃப் தி ஃப்ளவர் மூன்' படத்தில் இன்னும் கனமான வேலை. 1920களில் ஓக்லஹோமாவில் எண்ணெய்ச் செல்வத்துக்காக ஓசேஜ் பழங்குடியினர் கொல்லப்பட்ட வரலாறு அது. அவர்களுடைய மண்ணிலேயே, பாஹஸ்கா என்ற ஊரின் பிரதான வீதியை, அக்காலத்து ஃபேர்ஃபேக்ஸ் நகரமாக மாற்றினார்கள். தார்ச்சாலை மண்சாலையாயிற்று. கொல்லப்பட்டவர்களின் வழிவந்தவர்கள் அந்தத் தெருவில் துணைநடிகர்களாக நடந்தார்கள். அங்கே முன்தட்டி மட்டும் நிறுத்தி ஏமாற்ற முடியாது. பார்வையாளரைவிட அந்தத் தெருவில் நடந்தவர்களுக்குத்தான் முதலில் தெரிந்துவிடும்.

எண்பதைத் தொடும் வயதிலும் நிறுத்தவில்லை. 2025இல் வந்த 'மார்ட்டி சுப்ரீம்' படத்துக்கு ஐம்பதுகளின் நியூயார்க்கை அமைத்துக் கொடுத்தவரும் அவர்தான். அதே 2025 ஜனவரியில் லிஞ்ச் காலமானார். செய்தி வந்த இரவு நான் மறுபடி 'எரேசர்ஹெட்' படத்தைப் போட்டேன். இந்த முறை எரிச்சல் வரவில்லை. அந்தப் பொருக்கு மனிதன் நெம்புகோலைத் தள்ளும் கையை மட்டும் பார்த்தேன். நடிகர்கள் கருவியைப் பிடித்தால் அநேகமாகத் தெரிந்துவிடும், விரல்கள் பொய் சொல்லும். மேடையில் கடப்பாரை பிடித்த எத்தனையோ கைகளைப் பார்த்தவன் நான். இந்தக் கை இரும்பைப் பிடித்துப் பழகிய கை. லிஞ்ச் அந்த வேடத்துக்கு வேறு யாரையும் தேடியிருக்க வேண்டியதில்லை.

என் மேசைக் கதை ஒன்று பாக்கி இருக்கிறது. அந்த நாடகத்தை மறு ஆண்டு மறுபடி போட்டோம். மூன்று காட்சிகள். இந்த முறை என் பாட்டி வீட்டுப் பழைய மேசையை வேனில் ஏற்றிக் கொண்டுவந்தேன், நிஜ இழுப்பறைகளோடு. நடு இழுப்பறையில் இறந்துபோன கணவனுடையதாக ஒரு மூக்குக்கண்ணாடி, பாதி எழுதிய இன்லேண்டு கடிதம், ரப்பர் போட்டுச் சுற்றிய மருந்துச் சீட்டுகள், மூடி தொலைந்த ஒரு பேனா. யாரிடமும் சொல்லவில்லை. மூன்று நாளும் தட்டிக்குப் பின்னால் நின்று காதைத் தீட்டிக்கொண்டிருந்தேன். அந்தப் பெண் மேசைப் பக்கமே போகவில்லை. போன வருடம் பட்டது போதாதா என்று நினைத்திருப்பார். எனக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான்.

மூன்றாம் நாள் இரவு செட்டைப் பிரித்தோம். வேன்காரர் அவசரப்படுத்தினார். மேசையைத் தூக்குவதற்கு முன் சாமான்களை எடுத்துவிடலாம் என்று நடு இழுப்பறையைத் திறந்தேன். மூக்குக்கண்ணாடி மடித்து, கடிதத்தின் மேல் வைக்கப்பட்டிருந்தது. நான் அப்படி வைக்கவில்லை. பேனாவுக்குப் பக்கத்தில், வாடிப்போன மல்லிகை நாலைந்து, நாரோடு.